அரை நிமிஷம் தலைகீழா... மோட்டார் சுத்துற திசைக்கு ஒரு சின்ன வரலாறு



ரொம்ப நாளா டிராஃப்டுலயே தூங்கிட்டு இருந்த பதிவு இது. போன பொங்கலுக்கு ஊருக்குப் போயிட்டு வந்ததும் எழுதியே ஆகணும்னு தோணிச்சு. கொஞ்சம் நீளம்தான். டீயோ காபியோ எடுத்து வச்சுக்கிட்டு உக்காருங்க.

நான் படிச்சது ஈ.இ.இ., பொழப்பு சாஃப்ட்வேர். (தமிழ்நாட்டுல இதுல ஒண்ணும் அதிசயம் இல்லை :-) ) காலேஜுல மோட்டார் லேப்ல ரெக்கார்டு நோட்டைப் பாத்து எழுதினதோட சரி. ஆனா மோட்டார்னா என்னன்னு எனக்குப் புரிய வச்சது காலேஜ் இல்லை, அதுக்கு முன்னாடி நடந்த ஒரு சம்பவம்.

ப்ளஸ் டூ முடிச்ச லீவுல கோவையில மாமாவோட பட்டறையில இருந்தேன். பவுடர் கோட்டிங் பட்டறை. இரும்புச் சாமான் மேல பெயிண்ட் பொடியைக் காத்தோட அடிச்சு, சூளையில வச்சு சுட்டு எடுக்கிற வேலை. அங்க காத்துதான் எல்லாமே. ஒரு 20 ஹெச்.பி. ஸ்க்ரூ கம்ப்ரஸர், காலையில ஓட ஆரம்பிச்சா ராத்திரிதான் நிக்கும். எனக்கு கம்ப்யூட்டர்ல பில் போடுற வேலை.

அந்த கம்ப்ரஸர் பேனல்ல தீப்பெட்டியை விடக் கொஞ்சம் பெருசா ஒரு ரிலே இருந்தது. ஃபேஸ் வரிசை சரியா இருக்கா, மூணு ஃபேஸும் ஒழுங்கா வருதான்னு பாக்குற ரிலே. வோல்டேஜ் ஏறுக்கு மாறா இருந்தா கம்ப்ரஸரை ஓட விடாது. மத்தியானம் ஆனா சிவப்பு லைட்டைப் போட்டுட்டு நின்னுக்கும். ஒரு நாள் அவசர ஆர்டர். மாமா கடுப்பாகி எலக்ட்ரீசியன்கிட்ட சொன்னார்.

"அந்த சனியனை எடுத்துட்டு நேரா குடுத்துருங்ணா. பொறகு பாத்துக்கலாம்."

"வேண்டாமுங்க, அது எதுக்கோ தானுங்க வச்சிருக்குது."

"ஆர்டர் நிக்குதுங்ணா. எடுத்து விடுங்க."

அவரும் ரெண்டு ஒயரைச் சேத்து முறுக்கி விட்டுட்டுப் போயிட்டார். நான் பக்கத்துலதான் இருந்தேன். இதை ஞாபகம் வச்சுக்கோங்க, கடைசியில வரும்.

ஒரு மாசம் கழிச்சு காத்து மழையில தெருவுல ஒரு கம்பம் சாஞ்சு போச்சு. ராத்திரியோட ராத்திரியா புதுக் கம்பம் நட்டு லைன் இழுத்துக் குடுத்துட்டாங்க. காலையில முதல்ல வந்த ஹெல்ப்பர் அண்ணன் வழக்கம் போல எக்ஸாஸ்ட் ஃபேனைப் போட்டார், கம்ப்ரஸர் பச்சை பட்டனை அமுக்கினார். சத்தம் ஒரு மாதிரி வந்திருக்கு. மீட்டர்ல முள் ஏறலை. கொஞ்சம் பொறுத்தா ஏறும்னு நின்னிருக்கார். அரை நிமிஷம். கர்ர்ர்னு ஒரு சத்தம், மோட்டார் ட்ரிப் ஆகி நின்னுருச்சு. அதுக்கப்புறம் அது சுத்தவே இல்லை. உள்ள இருந்த ரெண்டு திருகு ரோட்டரும் ஒண்ணை ஒண்ணு கவ்விக்கிச்சு.

மாமா வந்ததும் பேச்சு ஹெல்ப்பர் அண்ணன் மேலதான். "எதையோ நோண்டியிருக்கான்." அவர் எதையும் நோண்டலை. தினமும் அமுக்குற பட்டனைத்தான் அமுக்கினார்.

எலக்ட்ரீசியன் வந்தார். கம்ப்ரஸரைத் தொடவே இல்லை. சுவத்தைக் காட்டினார். "அந்த ஃபேனைப் பாருங்க தம்பி." எக்ஸாஸ்ட் ஃபேன் ஓடிட்டு இருந்தது, ஆனா உள்ள இருக்குற தூசியை வெளிய தள்ளாம வெளிய இருக்குற காத்தை உள்ள இழுத்துட்டு இருந்தது. ராத்திரி லைன் இழுத்தப்போ எங்கயோ ரெண்டு ஃபேஸ் இடம் மாறியிருக்கு. எங்க பட்டறை மொத்தமும் தலைகீழா சுத்திட்டு இருந்தது.

அன்னைக்கு எனக்கு வந்த சந்தேகம் ஒண்ணுதான். எங்கயோ தெருமுனையில ரெண்டு கம்பியை மாத்திக் கட்டினா, பட்டறைக்குள்ள இருக்குற இயந்திரம் எப்படி எதிர்ப்பக்கம் சுத்தும்? அதைத் தேடிப் போனதுல கிடைச்ச கதைதான் மீதி.

சுத்தாமலே சுத்துற காந்தம்

கதை 1824ல பாரிஸ்ல ஆரம்பிக்குது. பிரான்சுவா அராகோன்னு ஒரு விஞ்ஞானி, ஒரு செம்புத் தட்டை சுத்த விட்டா அது மேல தொங்குற காந்த ஊசியும் கூடவே சுத்துதுன்னு கண்டுபிடிச்சார். செம்பு காந்தத்துல ஒட்டாது. அப்புறம் எப்படி இழுக்குது? யாருக்கும் புரியலை. அடுத்த வருசம் இங்கிலாந்துல சார்லஸ் பாபேஜும் (ஆமா, நம்ம கம்ப்யூட்டர் தாத்தாவேதான்!) ஜான் ஹெர்ஷலும் இதைத் திருப்பிப் போட்டுப் பாத்தாங்க. காந்தத்தை சுத்தினா செம்புத் தட்டு பின்னாடியே வருது. 1831ல மைக்கேல் ஃபாரடே வந்துதான் காரணம் சொன்னார். காந்தம் நகர்ந்தா செம்புக்குள்ள மின்சாரம் உண்டாகுது, அந்த மின்சாரத்தைத்தான் காந்தம் இழுத்துட்டுப் போகுதுன்னு.

இதுல ஒரு விஷயத்தை கவனிங்க. தட்டுக்குன்னு சொந்தமா ஒரு திசை கிடையாது. காந்தம் போற பக்கம் அது போகும், அவ்வளவுதான்.

அடுத்த படி 1879ல, லண்டன்ல. வால்டர் பெய்லிங்கிறவர் நாலு மின்காந்தத்தை அசையாம நிறுத்தி வச்சு, கையால ஒரு சுவிட்சைத் திருப்பித் திருப்பி மின்சாரத்தை வரிசையா மாத்தினார். மேல இருந்த செம்புத் தட்டு சுத்துச்சு. காந்தம் எதுவும் நகரலை, காந்தப் புலம் மட்டும் நகர்ந்துச்சு.

புரியலைன்னா நம்ம கோயில் திருவிழா சீரியல் செட்டை நினைச்சுக்கோங்க. எந்த பல்பும் ஓடலை. வரிசையா எரிஞ்சு எரிஞ்சு அணையுது, நமக்கு வெளிச்சம் ஓடுற மாதிரி தெரியுது. எரியற வரிசையை மாத்தினா அதே பல்புகள்ல வெளிச்சம் எதிர்ப்பக்கம் ஓடும். மோட்டார் அந்த வெளிச்சத்தைத் துரத்திட்டு ஓடுற ஆள்.

கை சுவிட்ச் இல்லாம, மாறுதிசை மின்சாரத்தை வச்சே இதைச் செஞ்சவங்க ரெண்டு பேர். ஒருத்தர் இத்தாலியில டூரின் நகரத்துல இருந்த கலிலியோ ஃபெராரிஸ். 1885லயே செஞ்சுட்டார், 1888 மார்ச்லதான் வெளியிட்டார். அதுலயும் பாவம், இதோட திறன் பாதிக்கு மேல போகாது, தொழிலுக்கு உதவாதுன்னு அவரே எழுதி வச்சுட்டார். இன்னொருத்தர் நிகோலா டெஸ்லா. 1888 மே 1ம் தேதி அமெரிக்காவுல காப்புரிமை வாங்கி, அதே மாசம் 16ம் தேதி நியூயார்க்ல எஞ்சினியர்கள் முன்னாடி பேசினார். மீதியை உலகமே பேசுது, நான் வேற பேசணுமா.

ஆனா நம்ம பட்டறை மோட்டாருக்கு நேரடி தாத்தா இவங்க ரெண்டு பேரும் இல்லை. இவங்க செஞ்சது ரெண்டு ஃபேஸ். மூணு ஃபேஸ் மோட்டாரை 1889ல செஞ்சவர் மிகைல் டொலிவோ-டோப்ரோவோல்ஸ்கி (பேரை ஒரே மூச்சுல சொல்லிட்டா உங்களுக்கு ஒரு டீ). ரஷ்யாக்காரர், பெர்லின்ல ஏ.இ.ஜி. கம்பெனியில எஞ்சினியர். 1891ல ஃபிராங்க்ஃபர்ட் நகரத்துல பெரிய மின்சாரக் கண்காட்சி. 175 கிலோமீட்டர் தள்ளி லாஃபென்ங்கிற ஊர்ல, நெக்கார் ஆத்துத் தண்ணியில ஜெனரேட்டரை ஓட்டி, அந்த மின்சாரத்தைக் கம்பியில கொண்டு வந்து கண்காட்சியில ஆயிரம் பல்பு எரிய வச்சாங்க. கூடவே ஒரு 100 ஹெச்.பி. மூணு ஃபேஸ் மோட்டார், பம்பு ஓட்டி ஒரு செயற்கை அருவியையே விழ வச்சது. ஆத்துத் தண்ணியில சுத்தினது 175 கிலோமீட்டர் கம்பி வழியா வந்து இங்க மறுபடி தண்ணியா விழுந்துச்சு.

இந்த மூணு ஃபேஸ் மின்சாரத்துக்கு ஜெர்மன் மொழியில இன்னைக்கும் பேரே "சுழல் மின்சாரம்"ங்கிற அர்த்தத்துலதான். எனக்கு இந்தப் பேர் ரொம்பப் பிடிச்சுது. ஏன்னா விடை அதுலயே இருக்கு. சுழற்சி மோட்டார்ல இல்லை, கம்பியில வருது. அதனாலதான் தெருமுனையில மாத்திக் கட்டினா பட்டறைக்குள்ள திசை மாறுது.

ஆறு வரிசை, ரெண்டே திசை

இந்த இடத்துல சாஃப்ட்வேர் மூளை கொஞ்சம் முழிச்சுக்கிச்சு. ஆர், ஒய், பி - மூணு ஃபேஸ். மூணு கம்பியை மூணு முனையில ஆறு விதமா மாட்டலாம். ஆர்-ஒய்-பி, ஒய்-பி-ஆர், பி-ஆர்-ஒய் இந்த மூணும் ஒரே வரிசைதான், தொடங்குற இடம் மட்டும் வேற. ஆர்-பி-ஒய், பி-ஒய்-ஆர், ஒய்-ஆர்-பி இந்த மூணும் எதிர் வரிசை. ஆக ஆறு விதத்துல பாதி நேர், பாதி தலைகீழ்.

எந்த ரெண்டை மாத்தினாலும் திசை மாறும். மூணையும் ஒரு இடம் தள்ளி மாட்டினா ஒண்ணும் ஆகாது. ("மூணையும் மாத்திப் பாத்துட்டேன், அப்பவும் அப்படியேதான் சுத்துது"ன்னு யாராச்சும் புலம்பினா காரணம் இதுதான்.) ஒயர் மேல இருக்குற சிவப்பு, மஞ்சள், நீலம் எல்லாம் மனுஷனுக்கு. மின்சாரத்துக்கு கலர் தெரியாது.

எங்கயும் ஒரு பாகமும் தொடாம, ரெண்டு கம்பியை மாத்தி மோட்டாரைத் திருப்பிடலாம்ங்கிறது அந்தக் காலத்துல பெரிய வசதி. லிஃப்டுக்கும் கிரேனுக்கும் இன்னைக்கும் அதேதான். ஆனா அதே வசதி ஆபத்தாவும் வருது. திசை சத்தமில்லாம வெளிய இருந்து மாறிடும். இயந்திரத்துக்கு எதுவும் தெரியாது.

கம்ப்ரஸர் பக்கத்துக் கதை

சரி, எல்லா கம்ப்ரஸரும் தலைகீழா சுத்தினா செத்துப் போகுமா? இல்லை. இங்கதான் ரெண்டாவது வரலாறு.

அழுத்தின காத்தைப் பெரிய அளவுல வேலைக்குக் கொண்டு வந்த சம்பவங்கள்ல முக்கியமானது ஆல்ப்ஸ் மலையைக் குடைஞ்ச ஃப்ரெஜுஸ் ரயில் சுரங்கம். 1857ல ஆரம்பிச்சு 1871ல திறந்தாங்க. 1861லருந்து அதுல பாறையைத் துளைச்சது காத்துல ஓடுற துளைப்பான்கள். அந்தக் கம்ப்ரஸர்களை ஓட்டினது மலைத் தண்ணி.

அப்புறம் ரொம்ப காலம் ராஜ்ஜியம் பிஸ்டன் கம்ப்ரஸருக்குத்தான். பஞ்சர் கடையில டப டப டபன்னு அடிக்குமே, அதே வம்சம். பிஸ்டன் மேல போகும், கீழ வரும். வால்வு காத்து அழுத்தத்துலயே திறந்து மூடும். ஃப்ளைவீல் இடப்பக்கம் சுத்தினாலும் வலப்பக்கம் சுத்தினாலும் பிஸ்டனுக்கு ஒண்ணுதான். எண்ணெயை அடியில இருந்து வாரித் தெளிக்கிற ரகமா இருந்தா அதுவும் ஓரளவு நடக்கும். பிரச்சினை வேற இடத்துல. ஃப்ளைவீலோட ஆரமே ஃபேன் மாதிரி சிலிண்டர் மேல காத்தடிக்கும். எதிர்ப்பக்கம் சுத்தினா அந்தக் காத்து ஒழுங்கா போகாது, சூடு ஏறும். எண்ணெய்க்கு பம்பு வச்ச ரகம்னா அந்த பம்பும் சிக்கல் பண்ணலாம். அதனாலதான் பெல்ட் கார்டு மேல அம்புக்குறி போட்டிருப்பாங்க. ஆனா உடனே சாகாது, மனுஷன் கவனிக்க நேரம் குடுக்கும்.

ஸ்க்ரூ கம்ப்ரஸர் அப்படி இல்லை. ரெண்டு திருகு ரோட்டர் ஒண்ணுக்குள்ள ஒண்ணு சுத்தி காத்தை ஒரு முனையில இருந்து மறு முனைக்குத் தள்ளிக்கிட்டே சுருக்கும். 1878லயே ஜெர்மனியில ஹைன்ரிஷ் க்ரிகார் இதுக்குக் காப்புரிமை வாங்கிட்டார். ஆனா அவ்வளவு துல்லியமா திருகு வெட்ட அந்தக் காலத்துல முடியலை. 1930கள்ல ஸ்வீடன்ல ஆல்ஃப் லைஷோல்ம்தான் இதை வேலை செய்யுற இயந்திரமா ஆக்கினார். 1950கள்ல ரோட்டர் மேலயே எண்ணெயைப் பீச்சி விடுற முறை வந்தது. எண்ணெய் சூட்டைத் தணிக்கும், இடைவெளியை அடைக்கும், ரோட்டரும் ரோட்டரும் உரசாம நடுவுல நிக்கும். அதுக்கப்புறம் உலகம் பூரா பட்டறைகளுக்கு இது வந்துருச்சு.

இப்ப இதைத் தலைகீழா சுத்தினா? காத்தை டேங்க் பக்கம் தள்ளாது, டேங்க் பக்கத்துல இருந்து இழுக்கும். பெரும்பாலான ஸ்க்ரூ கம்ப்ரஸர்ல எண்ணெய் ரோட்டருக்கு வர்றது தனி பம்பால இல்லை, டேங்க்ல ஏறுற அழுத்தத்தாலதான். அழுத்தமே ஏறலைன்னா எண்ணெய் வராது. எண்ணெய் இல்லாம இரும்பும் இரும்பும். நிமிஷத்துக்கு 1,440 சுத்து ஓடுற மோட்டார் அரை நிமிஷத்துல 720 சுத்து சுத்திடும். ஹெல்ப்பர் அண்ணன் "முள் ஏறும், ஏறும்"னு பாத்துட்டு நின்னது அந்த 720 சுத்துதான்.

ஆக, திசையைச் சத்தமில்லாம மாத்தக்கூடிய மோட்டார் 1889ல வந்தது. திசை மாறினா நொடியில கெட்டுப் போற கம்ப்ரஸர் அதுக்கு அரை நூற்றாண்டுக்கும் மேல கழிச்சு பட்டறைக்கு வந்தது. ரெண்டுமே அருமையான கண்டுபிடிப்பு. ரெண்டையும் ஒண்ணா மாட்டின இடத்துல நடுவுல ஒரு காவல்காரன் தேவைப்பட்டான். அந்தத் தீப்பெட்டி ரிலேதான் அவன்.

இன்னொண்ணும் சொல்லணும். 1918ல சார்லஸ் ஃபோர்டெஸ்க்யூன்னு ஒரு எஞ்சினியர் ஒரு கணக்கு போட்டுக் காட்டினார். மூணு ஃபேஸ் வோல்டேஜ் ஏறுக்கு மாறா இருந்தா, அதை நேர் வரிசை ஒண்ணு, எதிர் வரிசை ஒண்ணு, திசையே இல்லாதது ஒண்ணுன்னு மூணா பிரிச்சுப் பாக்கலாம். அதாவது வோல்டேஜ் சமமா இல்லாதப்போ மோட்டார் நேராத்தான் சுத்தும், ஆனா உள்ளுக்குள்ள ஒரு சின்ன எதிர்ச்சுழல் பின்னாடி இழுத்துட்டே இருக்கும், மோட்டார் சூடாகும். மத்தியானம் மத்தியானம் அந்த ரிலே சிவப்பு லைட் போட்டது வேலைக் கெடுப்பு இல்லை மக்களே. அது நிஜமாவே எதையோ சொல்லிட்டு இருந்தது. நாங்கதான் அதோட வாயைக் கட்டிட்டோம்.

அப்ப எப்படிப் பாக்கணும்?

எலக்ட்ரீசியன் அண்ணன் அன்னைக்குச் சொன்னதும், பின்னாடி நான் தெரிஞ்சுக்கிட்டதும்:

புதுசா கனெக்‌ஷன் குடுத்தாலும், கேபிள் மாத்தினாலும், தெருவுல லைன் வேலை நடந்தாலும், ஜெனரேட்டர் மாத்தினாலும் திசையை மறுபடி பாக்கணும். முதல்ல ஃபேஸ் வரிசை மீட்டரை வச்சு, ஓட்டாமலே பாத்துடணும். அப்புறம் ஒரு ஆள் அம்புக்குறி பக்கத்துல கண்ணை வச்சுக்கணும், இன்னொரு ஆள் ஸ்டார்ட் அமுக்கி அடுத்த நொடியே ஸ்டாப் அமுக்கணும். ஒரு உதறல் போதும், எந்தப் பக்கம்னு தெரிஞ்சுடும். "ஓட விட்டுப் பாப்போம்"ங்கிற பேச்சே கூடாது.

தப்பா இருந்தா மெயினை அணைச்சு, பூட்டுப் போட்டு, கரண்ட் இல்லைன்னு டெஸ்டர்ல உறுதி பண்ணிட்டு, பேனலுக்கு உள்ள வர்ற மூணு கம்பியில ஏதாவது ரெண்டை மாத்தணும். ஸ்டார்-டெல்டா ஸ்டார்ட்டர்ல இருந்து மோட்டாருக்குப் போற ஆறு ஒயர்ல கை வைக்கக் கூடாது. அங்க தப்பா மாத்தினா ஸ்டார்ல ஒழுங்கா கிளம்பி டெல்டாவுக்குத் தாவும் போது வம்பாயிடும். அதோட உள்ள வர்ற இடத்துல மாத்தினாத்தான் கூலிங் ஃபேன் மோட்டாரும் சேந்து சரியாகும். முக்கியமா, அந்த ரிலேயை பைபாஸ் பண்ணாதீங்க.

இப்பல்லாம் வேகத்தை மாத்துற டிரைவ் வச்ச கம்ப்ரஸர் வந்துருச்சு. அது உள்ள வர்ற மின்சாரத்தை நேர்மின்சாரமா மாத்தி, வரிசையைப் புதுசா தானே உண்டாக்கி மோட்டாருக்குக் குடுக்கும். தெருவுல என்ன மாத்திக் கட்டினாலும் மெயின் மோட்டாருக்குக் கவலை இல்லை. ஆனா கூட இருக்குற ஃபேன் நேரா லைன்ல இருந்தா அது தலைகீழா சுத்தும். அதையும் பாக்கணும்.

கடைசியா...

கம்ப்ரஸரை சரி பண்ண, புதுசு வாங்குற காசுல பாதிக்குக் கிட்ட ஆச்சு. மாமா ரிலேயைத் திரும்ப மாட்டிட்டார். ஹெல்ப்பர் அண்ணனுக்கு அந்த மாசச் சம்பளத்துல பிடிச்சாங்க. அடுத்த மாசம் அவர் வேலைக்கு வரலை. ரிலேயை யார் எடுக்கச் சொன்னதுன்னு எனக்குத் தெரியும். நான் வாயைத் திறக்கலை. பதினேழு வயசு, மாமா வீட்டு சோறு, பயம். காரணம் எதுவா இருந்தாலும் திறக்கலை.

போன பொங்கலுக்கு மாமாகிட்ட இந்தக் கதை மொத்தத்தையும் சொன்னேன், அராகோ செம்புத் தட்டுல இருந்து. திட்டுவார்னு நினைச்சேன். ரிலே கதை வந்ததும், "நாந்தானே எடுக்கச் சொன்னேன்"னார். கொஞ்ச நேரம் பேசலை. அப்புறம், "அவன் நம்பர் உங்கிட்ட இருக்குதா கண்ணு?"

என்கிட்ட இல்லை. எலக்ட்ரீசியன் அண்ணன்கிட்ட கேட்டிருக்கோம். தேடிட்டு இருக்கார்.

உங்க ஊர்ப் பட்டறைகள்லயும் இப்படிக் கதைகள் இருக்கும். பின்னூட்டத்துல சொல்லுங்க. நான் எங்கயாச்சும் தப்பா எழுதியிருந்தா திருத்தவும் செய்யுங்க.

டிஸ்கி: இதைப் படிச்சுட்டு யாரும் டெஸ்டரும் ஸ்பேனருமா பேனலைத் திறந்துடாதீங்க. தெரிஞ்ச எலக்ட்ரீசியனைக் கூப்பிடுங்க. அவர் "வேண்டாமுங்க"ன்னு சொன்னா கேளுங்க.